ஹிப்ஹொப் சிங்கிளுக்கு விருந்தினர் பாடகி: சுருதி மாத்துறதிலை இருந்து பெயர் போடுற வரைக்கும்

#1 கனகராயன்

கிளிநொச்சியிலை மூண்டு பேர் சேர்ந்த குழு, சிங்கிள் ஒண்டு. நிலைமை இது: 90 பிபிஎம் (நிமிசத்துக்கு 90 அடி), டி மைனர், அதாவது 2 கட்டைச் சுருதி. ராப் பண்ணுற வேர்ஸ் ரெண்டு, ஒவ்வொண்டும் 16 பார் (பாருக்கு நாலு அடி). ஹூக், அதாவது திரும்பத் திரும்ப வாற பல்லவி, 8 பார், அதை ஒரு பாடகி பாடப்போறா. ஆள் முள்ளியவளையிலை. சங்கீதம் முறையாப் படிச்சவ, பாடுறது 5½ கட்டை.

ஹூக் மெட்டுக்கு ஆண் குரலிலை டெமோ இருக்கு. கீழை ஸட்ஜம், உச்சம் மேல்ஸ்தாயி சாதாரண காந்தாரம். அதே இடத்திலை பாடகி பாடினால் கீழ்ச் சுரம் வெறும் காத்தாப் போகுது. ஒரு ஸ்தாயி ஏத்தினால் உச்சத்திலை கத்தல். பீட்டை, அதாவது பின்னணி இசையை, தொடாமல் வழி இருக்கோ? மற்றது, அவ வீட்டிலையே பாடி அனுப்பிறதெண்டால் என்ன மாதிரி ஃபைல் கேக்கிறது?

#2 இரணைமடு பீட்ஸ்

தொடாமல் ஏலாது தம்பி. கணக்கைப் பாருங்கோ.

டி3 (எண் ஸ்தாயியைக் காட்டும்) ஸட்ஜம் எண்டால் உச்சம் எஃப்4. மொத்த வீச்சு 15 அரைச்சுரம். 5½ கட்டைக்காரிக்கு ஸட்ஜம் ஜி ஷார்ப்3. டி3 அவவின்ரை மந்திர பஞ்சமத்துக்கும் ஒரு அரைச்சுரம் கீழை கிடக்கு, அதுதான் காத்து. ஸ்தாயி ஏத்தினால் உச்சம் எஃப்5, அது தார பஞ்சமத்துக்கு மேலை ரெண்டு அரைச்சுரம். அங்கை ஒரு தரம் தொட்டிட்டு வரலாம், ஹூக்கிலை நாலு தரம் திரும்பத் திரும்ப நிண்டு பாட ஏலாது.

ஏ மைனருக்குக் கொண்டு போங்கோ, 6 கட்டை. கீழ்ச் சுரம் ஏ3, உச்சம் சி5. ரெண்டும் அவவுக்குக் குரல் திறந்து பாடுற இடம். வழமையான சுருதிக்கு அரைக் கட்டைதான் வித்தியாசம்.

இனித்தான் ஆக்கள் விடுற பிழை. முழுப் புரொஜெக்டையும் தெரிவு செய்து 5 அரைச்சுரம் இறக்கினால் 808-உம் (ஆழமான பேஸ் சத்தம்) சேர்ந்து இறங்கும். டி1 36.7 ஹேர்ட்ஸ், அது ஏ0 ஆகி 27.5 ஹேர்ட்ஸுக்குப் போயிடும். ஓட்டோவிலை பூட்டின ஸ்பீக்கர் என்ன, கலியாண வீட்டு பேஸ் பெட்டி கூட அதைச் சத்தமாத் தராது, கோன் சும்மா ஆடும். அதாலை கோட் (சேர்ந்தொலிக்கிற சுரக்கூட்டம்), பாட் (பின்னாலை நீண்டு நிக்கிற சத்தம்), மெட்டு வாசிக்கிற சிந்த் எல்லாம் 5 கீழை, 808 மட்டும் 7 மேலை. அப்ப ஏ1, 55 ஹேர்ட்ஸ். எஃப்1 43.7, ஈ1 41.2, அதுவரைக்கும் தாங்கும். கிக்கும் 50–60-க்குள்ளை விழுந்தால் ரெண்டும் ஒண்டையொண்டு தின்னும். கிக் அடிக்கிற நேரம் 808 பதியிற மாதிரி சைட்செயின் போடுங்கோ.

ராப் பண்ணுற உங்களுக்குச் சுருதி மாறினது தெரியவும் மாட்டுது. பாடுறவைக்குத்தான் சுருதி, அதாலை அடுத்த பாட்டுக்காவது முதலிலை பாடகியின்ரை கட்டையைக் கேட்டிட்டு பீட்டைத் துவங்குங்கோ.

#3 சுருதிப்பெட்டி

தம்பி கனகராயன், பாடுற பக்கத்திலையிருந்து சில விசயம்.

சுருதிப்பெட்டி அப்பிலை 6 கட்டையை வைச்சுக் கொஞ்ச நாள் பழகச் சொல்லுங்கோ. அப்பின்ரை ஏ 440-இலை நிக்குதோ எண்டு பாருங்கோ. பழைய ஹார்மோனியத்தோடை பழகினவை பத்து இருபது சென்ற் விலகி நிக்கிறது வழமை, தனியப் பாடேக்கை தெரியாது, பீட்டுக்கு மேலை வைச்ச உடனை தெரியும்.

வரி எழுதினவரிட்டைச் சொல்லுங்கோ: உச்சக் காந்தாரத்திலை "இ", "உ" வரக்கூடாது. "ஆ", "ஓ", "ஏ" வரவேணும். "கேக்குது", "போகுது" மாதிரிச் சொல்லை உச்சத்திலை வைச்சால் அந்தக் குற்றியலுகரத்தை இழுக்க ஏலாது, இழுத்தால் சொல்லே பிழைக்கும். நீட்டுற இடம் நெடிலாய் இருக்கட்டும், முடியிற இடம் "ம்", "ன்" எண்டால் மூக்காலை மெல்ல அடைக்கலாம்.

90 பிபிஎம்மிலை ரெண்டு பார் 5.3 செக்கன். ஒரு மூச்சுக்கு அது நல்ல அளவு. ராப் எழுதிறவை ஹூக்கையும் தாங்களே எழுதேக்கை நாலு பாருக்கு மூச்சு விட இடமில்லாமல் சொல்லை அடைச்சு வைப்பினம். ரெண்டு பாருக்கு ஒருக்கால் கால் அடி (பாரின்ரை நாலிலை ஒண்டு) இடைவெளி வையுங்கோ.

கமகம் பற்றி ஒண்டு. அவ பழக்கத்திலை எல்லாச் சுரத்தையும் அசைச்சுப் பாடுவா. கோட் ஒரே இடத்திலை நிக்கேக்கை காந்தாரத்தை அசைச்சால் சுருதி விலகின மாதிரி மற்றவைக்குக் கேக்கும். அடியின்ரை தலையிலை விழுற சுரத்தை நேரா நிப்பாட்டி, நீட்டின சுரத்தின்ரை வாலிலை மட்டும் கமகம் எண்டு சொல்லுங்கோ. "கமகமே வேண்டாம்" எண்டு சொல்லிப் போடாதேங்கோ, பிறகு விருந்தினர் எண்டு ஒராளைக் கூப்பிட்டதிலை என்ன இருக்கு.

#4 கனகராயன்

நன்றி அக்கா, அண்ணை. ரெண்டு சிக்கல். ஒண்டு, அவ பாடிக் காட்டேக்கை சில இடத்திலை காகலி நிஷாதம் தொடுறா, கீரவாணி மாதிரி. அந்த இடத்திலை கோட்டோடை உரசுது. மற்றது, பீட் செய்த பெடியன் மிடி (சுரங்களை எழுதின ஃபைல்) தரேல்லை, ஸ்டெம் (வாத்தியம் வாத்தியமாப் பிரிச்ச ஒலி) மட்டும்தான் கையிலை இருக்கு.

#5 இரணைமடு பீட்ஸ்

முதலாவது லேசு. ஏ மைனரிலை காகலி நிஷாதம் ஜி ஷார்ப். நீங்கள் வைச்சிருக்கிற கோட் ஈ மைனராய் இருக்கும், அதுக்குள்ளை ஜி இருக்கு. ரெண்டும் ஒரே நேரத்திலை கேட்டால் உரசத்தான் செய்யும். அந்த ஒரு பாருக்கு மட்டும் ஈ மேஜர் ஆக்குங்கோ: ஈ, ஜி ஷார்ப், பி. அவ்வளவுதான். திரும்ப ஏ மைனருக்கு வாறபோது இறுக்கமாயும் இருக்கும். சுத்த தன்யாசியிலை மட்டும் நிண்டால் இந்தச் சோலியே இல்லை, ஆனால் அரைவாசி சிங்கிளின்ரை ஹூக் எல்லாம் அந்த அஞ்சு சுரத்திலைதான் வருது, கேட்டுக் கேட்டு அலுத்துப்போச்சு.

ரெண்டாவதுக்கு, ஸ்டெம்மைச் சுரம் மாத்தலாம், ஆனால் எல்லாம் தாங்காது. மூண்டு அரைச்சுரம் வரைக்கும் பாட், பியானோ ஓரளவு சமாளிக்கும். ஐஞ்செண்டால் பியானோ ரப்பர் மாதிரி இழுபடும், குரல் சாம்பிள் ஆம்பிளைப் பேய் ஆகும். ட்ரம்ஸைத் தொடவே வேண்டாம், கிக், ஸ்னேர், ஹைஹற் இருந்த சுருதியிலையே இருக்கட்டும். 808 ஸ்டெம்மை 7 மேலை தள்ளினால் தாக்கம் மெலியும், அதைக் கைவிட்டு ஏ1-இலை புதிசா எழுதுங்கோ, ஹூக்குக்கு நாலு சுரம்தானே.

மிடி கேட்டு வாங்கிறதுதான் திறம். பீட்டுக்குக் காசு குடுக்கேக்கையே மிடி, ஸ்டெம், டெம்போ மூண்டையும் சேர்த்துப் பேசுங்கோ.

#6 நந்திக்கடல்

வீட்டிலை றெக்கோட் பண்ணிற விசயத்துக்கு வாறன்.

முதல் எதிரி கூரை. தகரமோ சீற்றோ எண்டால் ஒக்ரோபரிலை இருந்து ஜனவரி வரைக்கும் மழை நாளிலை மைக்கைத் திறக்க வேண்டாம். தூறல் கூட கொம்பிரசர் (சத்தத்தின்ரை ஏற்ற இறக்கத்தைச் சமப்படுத்திறது) போட்ட பிறகு பொரியல் சத்தமாய் எழும்பி வரும். ஓட்டு வீடு, சீலிங் இல்லாதது, உண்மையிலை நல்லம். சத்தம் மேலை போய்த் தொலையும். ஆகலும் மோசம் புதுசாக் கட்டின பத்துக்குப் பத்து அறை: சீமெந்துச் சுவர், மாபிள் நிலம், நாலு பக்கமும் ஒரே அளவு. பத்தடிச் சுவருக்கு 56, 112, 169 ஹேர்ட்ஸிலை சத்தம் நிண்டு முழங்கும். எதிர்ச் சுவருக்கும் அதே அளவு எண்டபடியால் ரெட்டிப்பு. அறையின்ரை நடுவிலை நிக்காமல், ஒரு சுவரிலை இருந்து நாலடி தள்ளி நிக்கச் சொல்லுங்கோ.

மெத்தையை எங்கை வைக்கிறது? எல்லாரும் மைக்குக்குப் பின்னாலை வைக்கினம். காடியொயிட் மைக் பின்பக்கத்தை ஏற்கெனவே குறைச்சுத்தான் கேக்கும். அது நேராப் பாக்கிறது பாடுறவவின்ரை முதுகுக்குப் பின்னாலை இருக்கிற சுவரை. மெத்தை அங்கை வேணும், நிமித்தி, தோளுக்கு மேலை உயரமாய். ரெண்டு பக்கமும் தடிச்ச போர்வை. உடுப்பு அலுமாரியைத் திறந்து விட்டால் அதுவும் உதவி. முட்டை மட்டையை ஒட்டாதேங்கோ, அது பேஸையும் பிடிக்காது, குரலின்ரை கீழ்ப் பகுதியையும் பிடிக்காது, மேல் சத்தத்திலை கொஞ்சத்தைத் தின்னும், பல்லி குடியிருக்கும்.

இரவு அமைதி எண்டு நினைக்கிறது பிழை. சில்வண்டுச் சத்தம் 4–8 கிலோஹேர்ட்ஸ், "ச", "ஷ" நிக்கிற அதே இடம். பிறகு எடுக்க வெளிக்கிட்டால் குரலின்ரை மினுக்கமும் சேர்ந்து போகும். விடியப்புறம் எண்டால் மயில். காலை ஒன்பது, பத்துக்குப் பிறகுதான் கொஞ்சம் இடைவெளி, அதுவும் மாசி பங்குனியிலை காலபோக அறுவடை மெசின் பக்கத்து வயலுக்குள்ளை நிக்காட்டில். முள்ளியவளை எண்டபடியால் வற்றாப்பளைப் பொங்கல் நாட்களையும் பாத்து வையுங்கோ. வைகாசியிலை அந்தக் கிழமை ஒலிபெருக்கிக்குள்ளை எந்த மைக்கும் தப்பாது.

ஃபானை நிப்பாட்டுங்கோ. மின்சாரத்திலை ஓடுற லப்டொப்பிலை இரைச்சல் வந்தால் சார்ஜரைக் கழட்டி பற்றரியிலை விடுங்கோ. ரெண்டு முள் சார்ஜருக்கு ஏர்த் இல்லை, 50 ஹேர்ட்ஸும் அதின்ரை மடங்குகளும் யூஎஸ்பி வழியா உள்ளை வரும். மலிவு இன்வேட்டரிலை ஓடினால் இன்னும் மோசமான கிர் சத்தம். அதுக்கும் பற்றரிதான் மருந்து.

மைக் கொண்டென்சர் (மெல்லிய சத்தத்தையும் பிடிக்கிற வகை) எடுங்கோ, ஏரி2020 மாதிரி ஒண்டு போதும். 48 வோல்ற் போடுங்கோ. வாயிலை இருந்து 15–20 செ.மீ., பொப் ஃபில்ரர் நடுவிலை.

#7 ஒட்டுசுட்டான் ஒலி

கடைசிப் பந்தியோடை மட்டும் ஒத்துப்போகேல்லை அண்ணை. மேலை சொன்ன மயில், மெசின், சில்வண்டு எல்லாம் இருக்கிற அறைக்குக் கொண்டென்சரோ? நாலு வீடு தள்ளி நாய் குரைச்சாலும் பிடிக்கும். எஸ்எம்58 (மேடையிலை பாவிக்கிற டைனமிக் மைக்) ஒண்டு, சவுண்ட் சேர்விஸ்காரரிட்டை ஒரு நாளைக்கு வாடகைக்கு எடுங்கோ. 5–8 செ.மீ. தூரத்திலை பாடினால் குரலுக்கும் அறைக்கும் இடையிலை வித்தியாசம் கூட. ஆனால் போலி 58 நாடெங்கும் இருக்கு, முதல் ஒருக்கால் பாடிக் கேட்டிட்டு எடுங்கோ. கரகரப்பா இருந்தால் வேண்டாம்.

#8 நந்திக்கடல்

58-க்கு 55 டெசிபல் அளவிலை கெயின் (மைக்கின்ரை சத்தத்தை ஏத்திறது) வேணும். மைக்கை லப்டொப்போடை இணைக்கிற மலிவு இன்டர்ஃபேஸிலை முக்கால்வாசிக்கு மேலை திருப்பினால் அதின்ரை சொந்த இரைச்சல் வரும். மெல்லப் பாடுற ஹூக் எண்டால் அந்த இரைச்சல்தான் கேக்கும். ராப்புக்கு 58 ஓம். கிட்ட நிண்டு சத்தமாக் கதைக்கிற குரல், கெயின் கனக்கத் தேவையில்லை. பாடகிக்கு கொண்டென்சர், மெத்தை, போர்வை, மத்தியானம்.

#9 ஒட்டுசுட்டான் ஒலி

5–8 செ.மீ. எண்டு சொன்னேன், அந்தத் தூரத்திலை மெல்லப் பாடினாலும் மட்டம் காணும். ஆனால் கிட்டப் போகப் போக பேஸ் ஏறும் எண்டது உண்மை, 120 ஹேர்ட்ஸிலை ஹைபாஸ் (அதுக்குக் கீழை உள்ளதை வெட்டுறது) போட வேணும். ரெண்டு மைக்கும் கிடைச்சால் ரெண்டிலையும் ஒவ்வொரு ஹூக் எடுத்து ஒப்பிடுங்கோ. வாதம் இதிலை தீராது.

மட்டம்: சராசரி -18 டெசிபல், உச்சம் -10-க்கும் -6-க்கும் இடையிலை. 24 பிற்றிலை எடுக்கேக்கை குறைவா இருக்கெண்டு பயப்பிட வேண்டாம். சங்கீதம் படிச்சவை பழகேக்கை மெல்லப் பாடிக் காட்டிப்போட்டு, எடுக்கிற நேரம் உச்சத்திலை முழுக் குரலையும் திறப்பினம். அவவின்ரை ஆகச் சத்தமான வரியைப் பாடச் சொல்லித்தான் கெயினை வைக்கிறது.

#10 கனகராயன்

ஃபைல் பற்றி?

#11 வவுனியா வடக்கு

இது என்ரை இடம். கனக்கக் கெடுறது இங்கைதான்.

நீங்கள் அவவுக்கு அனுப்பிற பீட் எம்பி3 ஆய் இருக்கக்கூடாது. எம்பி3 ஆக்கேக்கையும் திறக்கேக்கையும் முன்னுக்கு வெறுமை சேரும். லேம் என்கோடரிலை 576 சாம்பிள், டிகோடரிலை 529, கூட்டினால் 1105, அதாவது 44.1-இலை 25 மில்லிசெக்கன். அவ அதுக்குச் சரியாத்தான் பாடுவா. நீங்கள் அவவின்ரை குரலை உங்கடை புரொஜெக்டிலை வைக்கேக்கை எல்லாச் சொல்லும் அடிக்குப் பின்னாலை விழும். பிறகு "பாடகிக்குத் தாளம் இல்லை" எண்டு கதை வரும். வேவ் அனுப்புங்கோ.

48 கிலோஹேர்ட்ஸ், 24 பிற், ரெண்டு பக்கமும் அதே. ஒருத்தர் 44.1, மற்றவர் 48 எண்டு வைச்சு, மென்பொருள் மாத்தாமல் திறந்தால் 44.1-இலை எடுத்த குரல் ஒண்டரை அரைச்சுரம் அளவு ஏறி, 90 பிபிஎம் 98 ஆகி ஓடும். சிரிப்பாயிருக்கும், ஆனால் ஆர் பிழை எண்டு தேட ஒரு பின்னேரம் போகும்.

அனுப்ப வேண்டியது ரெண்டு ஃபைல். ஒண்டு மெலிவான வழிகாட்டி: கோட், ஸ்னேர், கிளிக், சும்மா பியானோவிலை மெட்டு. மற்றது முழு பீட், கேட்டு உணர்வு எடுக்க மட்டும். 808 முழங்கேக்கை சுருதி பிடிக்கிறது கஷ்டம். முன்னுக்கு நாலு அடி எண்ணிக்கை வையுங்கோ.

திரும்பி வர வேண்டியது: எல்லா ட்ராக்கும் முதல் அடியிலை இருந்து, வெறும் குரல், ரிவேர்ப், கொம்பிரசர், ஓட்டோடியூன் ஒண்டும் இல்லாமல், மோனோவாய். லீட் (முதன்மைக் குரல்) மூண்டு தரம், டபிள் (அதையே திரும்பப் பாடினது) ரெண்டு, மேல் இணைக்குரல் ஒண்டு, கீழ் ஸ்தாயி ஒண்டு, கடைசி ஹூக்குக்கு மேலை ஆலாபனை ரெண்டு மூண்டு. மோனோ ட்ராக் ஒரு நிமிசத்துக்கு 8.64 எம்பி. மூண்டு நிமிசம் 23 செக்கன் பாட்டுக்கு ட்ராக் ஒண்டு 29 எம்பி, பத்துக்கு 290. ஃப்ளாக் ஆக்கினால் அதிலை கிட்டத்தட்ட அரைவாசி, தரம் குறையாது. டேட்டா பாக்கிறவைக்கு அது வழி.

வாட்ஸப்பிலை எண்டால் டொக்கியூமென்ற் எண்டு இணைச்சு அனுப்ப வேணும். வொய்ஸ் மெசேஜா அனுப்பினால் நசிச்சு அனுப்பும், அது பாவிக்கிறதுக்கில்லை. மைக்கே இல்லை, ஐபோன் மட்டும் எண்டால் வொய்ஸ் மெமோவிலை ஓடியோ தரத்தை லொஸ்லெஸ் ஆக்கிப்போட்டு எடுக்கலாம். டெமோவுக்குக் காணும்.

#12 பாலைமரம்

மூண்டு நிமிசம் 23 செக்கன் எப்பிடி வந்தது?

#13 வவுனியா வடக்கு

முன்னிசை 4 பார், ஹூக் 8, வேர்ஸ் 16, ஹூக் 8, வேர்ஸ் 16, ஹூக் 8, இடைப்பகுதி 8, கடைசி ஹூக் 8. கூட்டினால் 76 பார். 90-இலை ஒரு பார் 2.667 செக்கன். பாடகியின்ரை குரல் 10.7 செக்கனிலை உள்ளை வரும். அதுக்குப் பிந்தினால் போனிலை கேக்கிறவர் அடுத்ததுக்குப் போயிடுவார்.

#14 இரணைமடு பீட்ஸ்

ஹெட்செட் வயர் உள்ளதாய் இருக்கட்டும். புளூடூத் நூறு, இருநூறு மில்லிசெக்கன் பிந்தும், அதோடை பாட ஏலாது. பஃபர் (லப்டொப் ஒரு தரத்திலை சேர்த்து எடுக்கிற ஒலி அளவு) 128 சாம்பிளிலை வைச்சு எடுங்கோ, 48-இலை 2.7 மில்லிசெக்கன். லப்டொப் திக்கினால் 256. மிக்ஸ் நேரம் 1024-க்கு ஏத்தலாம்.

#15 வட்டக்கச்சி மிக்ஸ்

மிக்ஸ் பற்றி ஒருத்தரும் தொடேல்லை, ராப் குரலும் பாட்டுக்குரலும் ஒரே மாதிரிச் செய்யிறதில்லை.

ராப்: 90 ஹேர்ட்ஸ் ஹைபாஸ், 250–350-இலை 2–3 டெசிபல் வெட்டு, கொம்பிரசர் 4:1, அற்றாக் 5 மில்லிசெக்கன் அளவு, 5–6 டெசிபல் குறைக்கட்டும். ரிவேர்ப் கிட்டத்தட்ட இல்லை. நடுவிலை மோனோ. 90-இலை பதினாறாம் அடியிலை விட்டால் செக்கனுக்கு 6 அசை போகும். அந்த வேகத்திலை நெடில் குறிலாகிச் சொல்லே மாறும்: "பாடு" "படு" ஆகும், "காடு" "கடு" ஆகும். அதை மிக்ஸிலை திருத்த ஏலாது, அந்தச் சொல்லுக்கு ரெண்டு பதினாறாம் அடி குடுத்து வரியைத் திருத்துங்கோ.

பாடகி: 120 ஹைபாஸ், 3:1, அற்றாக் 15–20, குறைப்பு 3–4. சொல்லின்ரை முதல் எழுத்து கொம்பிரசர் அமத்தாமல் தப்பிப் போகட்டும், அப்பதான் உயிர் இருக்கும். டிலே தாளத்தோடை கட்டுங்கோ: கால் அடி 667 மில்லிசெக்கன், அரைக்கால் 333, புள்ளி வைச்ச அரைக்கால் 500. 500-ஐ மெல்லப் போட்டு, அதுக்கு 300-க்குக் கீழையும் 5 கிலோவுக்கு மேலையும் வெட்டினால் வரிக்கு இடைஞ்சல் இல்லாமல் பின்னாலை நிக்கும்.

டபிள் ரெண்டையும் இடம் வலம் முழுதாத் தள்ளி, லீட்டுக்கு 8 டெசிபல் கீழை. ஒரே ட்ராக்கைக் கொப்பி பண்ணி 15 மில்லிசெக்கன் தள்ளி "அகலம்" செய்யாதேங்கோ. ஓட்டோ, போன், கோயில் ஒலிபெருக்கியிலை கனக்க மோனோதான். மோனோவிலை அந்தக் கொப்பி லீட்டோடை மோதி குரல் தகரப் பேணிக்குள்ளை போகும். மிக்ஸ் முடிய ஒருக்கால் மோனோ பொத்தானை அமத்தி, ஹூக் பின்னுக்குப் போகுதோ எண்டு பாருங்கோ.

808 போனிலை கேக்காது, போன் ஸ்பீக்கர் 55 ஹேர்ட்ஸைத் தராது. கொஞ்சம் சற்றுரேஷன் போட்டு 110, 165, 220-இலை மடங்கு எழுப்பினால் காது அடியை ஊகிச்சுக்கொள்ளும்.

ஓட்டோடியூன்: ராப்புக்குள்ளை பாடுற இடத்துக்கு வேகம் 0 போட்டு றோபோ ஆக்கலாம், அது இப்ப பாணி. பாடகிக்கு 30–50, சுரவரிசையை ஏ மைனர் எண்டு பூட்டாமல் குரோமற்றிக் (பன்னிரண்டு சுரமும்). பூட்டினால் காகலி நிஷாதத்தை ஜி-க்கோ ஏ-க்கோ இழுத்து விழுத்தும்.

#16 சுருதிப்பெட்டி

குரோமற்றிக் போட்டாலும் கமகம் கெடும் தம்பி. காந்தாரத்தை அசைக்கேக்கை குரல் ரிஷபத்துக்கும் மத்திமத்துக்கும் இடையிலை போய் வருது. மென்பொருள் அதை மூண்டு தனிச் சுரமாய் வெட்டும், படிக்கட்டு மாதிரி. வரி முழுக்கப் போடாமல், விலகின ஒரு சுரத்தை மட்டும் கையாலை திருத்துங்கோ. ஆலாபனை ட்ராக்கிலை ஒண்டும் போட வேண்டாம். லீட் மூண்டு தரம் கேக்கிறது அதுக்குத்தானே, ஒண்டிலை பிழைச்சது மற்றதிலை சரியா இருக்கும்.

#17 வட்டக்கச்சி மிக்ஸ்

ஓம் அக்கா, கையாலை எண்டால் இன்னும் திறம். நேரம் இருந்தால்.

#18 பாலைமரம்

வேறை ஒரு யோசனை. விருந்தினர் எண்டால் சங்கீதம் படிச்சவதான் வேணுமெண்டில்லை. முல்லைத்தீவுப் பக்கம் கோவலன் கூத்துப் பாடுற ஆக்கள் இருக்கினம். அந்தத் திறந்த தொண்டை ராப்புக்குப் பக்கத்திலை நிண்டால் ஹூக் தனியாத் தெரியும், யூரியூப்பிலை வாற ஆயிரம் பாட்டிலை ஒண்டாய் இராது.

செய்யிற முறை வேறை. கிளிக் குடுக்காதேங்கோ, ஹெட்செட்டோடை அவை பாடாயினம். சுருதி மட்டும் குடுத்து விருத்தத்தைச் சும்மா பாட விடுங்கோ. அது முன்னிசைக்கு. தாளத்தோடை பாடுறதை மத்தளத்தோடை சேர்த்து எடுங்கோ, மத்தளத்தைத் தள்ளி இருத்தி. வேகம் போகப் போகக் கூடும். 90-க்குள்ளை அடைக்க வெளிக்கிடாமல் நாலு நாலு பாராய் வெட்டி வையுங்கோ. மூண்டு மூண்டாய் நடக்கிற பாட்டெண்டால் உங்கடை ஹைஹற்றை ஹூக்கிலை மட்டும் ட்ரிப்ளற் (அடிக்கு மூண்டு) ஆக்கினால் ரெண்டும் பொருந்தும். மைக் 40–50 செ.மீ. தள்ளி, கெயின் பாடகிக்கு வைச்சதிலை 10 டெசிபல் குறைச்சு. அவை மேடைக்குப் பாடிப் பழகின ஆக்கள், மைக்குக்கு மெல்லப் பாடச் சொல்லாதேங்கோ.

பாட்டு பழையது, ஒருத்தரின்ரையும் இல்லை எண்டு சொல்லிக் காசு குடாமல் விடுறதும் நடக்குது. பாட்டு பொதுவாய் இருக்கலாம். பாடினது ஒரு ஆள், அந்தப் பாடுகைக்கு அவருக்கு உரிமை இருக்கு.

#19 மாங்குளம் சந்தி

பாலைமரம் சொன்ன கடைசி வரி சட்டத்திலையும் இருக்கு. 2003-ஆம் ஆண்டின் 36-ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம். எழுதியவருக்கும் மெட்டமைத்தவருக்கும் வாழ்நாளும் அதற்குப் பின் 70 ஆண்டும். பாடுபவருக்குத் தன் பாடுகைமீது 50 ஆண்டு. பதிவு செய்தால்தான் உரிமை என்றில்லை, ஆக்கிய உடனேயே வரும்.

ஆகவே பாட முன்னம் ஒரு தாள் எழுதுங்கள். முழுப்பெயர்கள், பாட்டின் பெயர், திகதி, யார் வரி, யார் மெட்டு, யார் பீட், பாடகிக்கு ஒரே தொகையா பங்கா, வீடியோவில் வருவாரா, நேரடி நிகழ்ச்சிக்கு வருவாரா. விழுக்காடு கூட்டினால் 100 வரவேணும். இரண்டு கணக்கு தனித்தனி: ஒலிப்பதிவின் வருமானம் ஒன்று, பாட்டை ஆக்கியதன் வருமானம் மற்றது. பாடகி மெட்டை மாத்திப் பாடி அதுதான் கடைசியில் நின்றால் அவர் மெட்டிலும் பங்காளி. இதை மறந்துதான் குழுக்கள் பிரிகின்றன.

வெளியிடும்போது அவரை "ஃபீச்சரிங்" என்ற இடத்தில் தெரிவு செய்யுங்கள், தலைப்பில் கையால் தட்டச்சு செய்யாதீர்கள். ஸ்பொட்டிஃபை போன்ற இணையக் கடைகள் திருப்பி அனுப்பும். அவருக்கு ஏற்கெனவே ஸ்பொட்டிஃபை பக்கம் இருந்தால் அதன் இணைப்பைக் கொடுங்கள். இல்லாவிட்டால் அதே பெயருள்ள வேறொருவரின் பக்கத்தில் போய் விழும், நம் பெயர்களில் அது அடிக்கடி. பாட்டு முழுக்க ஹூக்கிலேயே நிற்கிறது என்றால் அவரும் முதன்மைக் கலைஞராக வரலாம், அதையும் முன்பே பேசுங்கள். 2021-இல் "என்ஜாய் என்சாமி" தீ முதன்மையாகவும் அறிவு ஃபீச்சரிங்காகவும் வந்தது. பெயர் யாருக்கு எவ்வளவு என்று பிறகு எழும்பிய வாதம் பாட்டளவுக்கே பெரிதாய் ஓடியது.

பீட் பொது உரிமத்தில் (ஒரே பீட்டைப் பலருக்கும் விற்கும் உரிமம்) வாங்கியதென்றால் யூரியூப் கொன்டென்ற் ஐடியை (ஒலியைத் தானாக அடையாளம் காணும் முறை) தெரிவு செய்யாதீர்கள். அதே பீட்டை வாங்கிய மற்றவர்களின் பாட்டெல்லாம் உங்களுக்கு எதிராய் மாட்டும், அவர்களும் அதையே செய்வார்கள். அட்டைப்படம் 3000 x 3000. குறைந்தது மூன்று கிழமைக்கு முன் ஏற்றுங்கள். ஸ்பொட்டிஃபையில் பாட்டுப் பட்டியல் தொகுக்கும் ஆசிரியர்களுக்கு முன்வைக்க ஆகக் குறைந்தது 7 நாள் வேண்டும். 2024-இல் இருந்து 12 மாதத்தில் 1000 தடவை கேட்கப்படாத பாட்டுக்கு அங்கே காசு வராது, ஆகவே முதல் மாதக் கணக்கைப் பார்த்துப் பங்கு சண்டை தொடங்க வேண்டாம்.

#20 கனகராயன்

தாள் எழுதுறம் அண்ணை. பீட் பொது உரிமம்தான், நல்ல காலம் கேட்டது. இன்னும் ஒண்டு: மேடைக்கு அவ எல்லா இடத்துக்கும் வர ஏலாது. அப்ப ஹூக்கை என்ன செய்யிறது? முழுப் பாட்டையும் ஓட விட்டு மேலை ராப் பண்ணினால் களவு மாதிரி இருக்கு.

#21 வட்டக்கச்சி மிக்ஸ்

மிக்ஸ் முடிக்கேக்கையே அஞ்சு விதமா எடுத்து வையுங்கோ. முழுப் பாட்டு, வெறும் இசை, வெறும் குரல், ராப் இல்லாமல் பாடகி உள்ளது, பாடகியின்ரை லீட்டை நீக்கி டபிளும் இணைக்குரலும் மட்டும் விட்டது. அவ வாற மேடைக்குக் கடைசி. வராத மேடைக்கு அதுக்கு முதல் சொன்னது, உங்கடை குரல் முழுக்க மைக்கிலை. வெறும் இசையை வெளியிடுறதெண்டால் அதுக்கு வேறை ஐஎஸ்ஆர்சி (ஒலிப்பதிவின்ரை அடையாள இலக்கம்) எடுக்க வேணும்.

சத்தம்: கடைகளுக்கு உச்சம் -1 டெசிபல். ஸ்பொட்டிஃபையும் யூரியூப்பும் -14 எல்யூஎஃப்எஸ்ஸுக்கு (சராசரிச் சத்த அளவு) கொண்டு வரும், அதாலை நசிச்சுப் பிழிஞ்சு -6 ஆக்கி ஒரு பிரயோசனமும் இல்லை. -9 சுற்றிக் காணும். மேடைக்கு எடுக்கிறதிலை லிமிற்றரைக் கழட்டி, 3–4 டெசிபல் குறைச்சு, மோனோவிலை எடுங்கோ. சவுண்ட் சேர்விஸ்காரர் ஒரு வயரைத்தான் தருவார், இடப்பக்கம் மட்டும் ஓடினால் உங்கடை டபிள் ஒண்டு காணாமல் போகும். கிளிக் சேர்க்கிறதெண்டால் வலப்பக்கம் கிளிக், இடப்பக்கம் பாட்டு எண்டு பிரிச்சு, எது எதெண்டு ஃபைலின்ரை பெயரிலையே எழுதுங்கோ. இல்லாட்டில் சனம் கிளிக்கைக் கேக்கும்.